நடுவில் ஒரு மாடி

அந்த அக்காவுக்கும் எனக்கும் முதல் அறிமுகம் ஆனபோது எங்களுக்கு நடுவில் ஒரு கட்டை இருந்தது. ஜெர்மனியில் ஆஹென் நகரத்துக்கு நான் படிக்கப் போன புதிது. வீட்டுக்கு அருகிலிருந்த கடையில், கல்லாவுக்கு முன்னால் நகரும் பட்டையின்மேல் என் பாலையும் ரொட்டியையும் தக்காளியையும் பரப்பிவிட்டு நின்றேன். இந்த நாட்டில் ஒருவர் சாமானுக்கும் அடுத்தவர் சாமானுக்கும் நடுவில் வைப்பதற்கென்றே ஒரு பிளாஸ்டிக் கட்டை உண்டு என்பது அப்போது எனக்குத் தெரியாது. எனக்கு முன்னால் நின்ற பெண்மணி திரும்பிப் பார்த்தார். கட்டையை எடுத்து நடுவில் வைத்தார். அதிலும் திருப்தி வராமல் என் தக்காளியை இரண்டு விரலால் ஒரு சாண் பின்னுக்குத் தள்ளினார். பிறகுதான் என் முகத்தைப் பார்த்தார்.

“தமிழோ?”

“ஆமாக்கா.”

“அப்ப விளங்கும். கொஞ்சம் தள்ளி நில்லும் பிள்ளை. உம்மட மூச்சு என்ர கழுத்தில படுகுது.”

வரிசையில் முன்னால் நிற்பவரின் முதுகோடு ஒட்டி நிற்காவிட்டால் நடுவில் நாலு பேர் புகுந்துவிடும் மதுரையிலிருந்து வந்தவள் நான். எனக்கு முகத்தில் அடித்தமாதிரி இருந்தது. பதிலுக்கு ஏதாவது சொல்லவேண்டும் என்று நாக்கு துடித்தது. ஆனால் அவர் பணம் கொடுத்துவிட்டுப் போய்விடாமல் கதவருகில் எனக்காகக் காத்து நின்றார். இருவரும் ஒரே பக்கம் நடந்தோம், ஒரே தெருவில் திரும்பினோம், கடைசியில் ஒரே வீட்டு வாசலில் வந்து நின்றோம். தரைத்தளத்தில் ஒரு முடிதிருத்தகம், அதற்கு மேல் மூன்று மாடி, லிஃப்ட் கிடையாது. முந்தின நாள்தான் நானும் என் அறைத்தோழியும் இரண்டாம் மாடிக்குக் குடிவந்திருந்தோம். எங்களுக்கு நேர் கீழே, முதல் மாடி, அவருடையது.

“நல்லதாப் போச்சு. என்ன வேணுமெண்டாலும் வாரும். பெல் அடிச்சுப்போட்டு வாரும்,” என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்.

எங்களுக்கு மேலே மூன்றாம் மாடியில் ஒரு தமிழர் தனியாக இருந்தார். தபால் பொதிகளைப் பிரிக்கும் கூடத்தில் அவருக்கு வேலை. ஒல்லியான ஆள், பேச்சு காதுக்கு எட்டாது. மாலையானால் குளித்து, தேய்த்த சட்டை போட்டு, தலை வாரி, எங்கள் கதவைத் தாண்டிப் படியிறங்கிப் போவார். முதல் மாடியில் மணி அடிக்கும்.

“ஆர்?” என்று உள்ளேயிருந்து அக்காவின் குரல் கேட்கும்.

“நான்தான். வரட்டோ?”

“கொஞ்சம் பொறுங்கோ.”

சற்று நேரம் ஒன்றும் நடக்காது. பிறகு கதவு திறக்கும். “வாங்கோ” என்ற அந்த ஒரு சொல்லில் அக்காவின் குரல் வேறு ஒருத்தியின் குரலாகியிருக்கும். எனக்கும் என் அறைத்தோழிக்கும் அப்போது இருபத்திச் சொச்சம் வயது. எங்கள் கற்பனைக்குக் கேட்கவா வேண்டும்? மேல்வீட்டுக்காரருக்கும் கீழ்வீட்டு அக்காவுக்கும் நடுவில் ஒரு கதையையே ஓட்டிக்கொண்டிருந்தோம். திருநெல்வேலிக்காரியான என் தோழிக்கு மனதில் ஒன்றை வைத்துக்கொண்டிருக்கத் தெரியாது. ஒருநாள் நேராகக் கேட்டுவிட்டாள்.

“அக்கா, மேல இருக்கிற அங்கிள் உங்களுக்கு என்ன வேணும்?”

“அவரோ? அவர் என்ர மனிசன்.”

மனிசன் என்றால் இலங்கைத் தமிழில் கணவன் என்று எங்களுக்கு உறைக்கக் கொஞ்சம் நேரம் பிடித்தது. மகன் ஒருவன் இருப்பதும், இந்த இரண்டு வீட்டிலும் ஏறி இறங்கி வளர்ந்து இப்போது பெர்லினில் வேலையாய் இருப்பதும் அதற்குப் பிறகுதான் தெரிந்தது. அவன் சின்ன வகுப்பில் படிக்கும்போது, உன் குடும்பத்தை வரை என்று ஆசிரியை சொல்ல, மூன்று மாடி வீடு ஒன்றை வரைந்து, கீழே அம்மா, மேலே அப்பா, நடுவில் முன்பின் தெரியாத ஒரு ஜெர்மன்காரர் என்று போட்டுக் கொடுத்திருக்கிறான். ஆசிரியை பதறிப்போய் இருவரையும் வரச்சொல்லி டேர்மின், அதாவது நாளும் நேரமும் குறித்து, கொடுத்தாராம்.

“டிவோர்ஸோ எண்டு கேட்டா. இல்லை, சந்தோசமா இருக்கிறம் எண்டு சொன்னன். அவ நம்பேல்லை,” என்று சொல்லிச் சிரித்தார் அக்கா.

“சண்டையாக்கா?” என்று கேட்டேன் நான்.

“சண்டை வரக்கூடாது எண்டுதான்.”

நாங்கள் இருந்த இரண்டாம் மாடி அதற்கு முன் இரண்டு தரம் காலியானதாம். வீட்டுக்காரர் கூப்பிட்டுக் கேட்டும் அக்கா வேண்டாம் என்று சொல்லிவிட்டார். “அடுத்தடுத்த மாடி எண்டால் அவர் இருமுறது கேக்கும். இருமல் கேட்டால் போய்ப் பாக்கவேணும்போல இருக்கும். பிறகு என்னத்துக்கு ரெண்டு வீடு? நடுவில ஒரு மாடி இருக்கவேணும்.” ஆக, அவர்களுடைய இல்லறத்தின் நடுச்சுவராக நாங்கள் இருவரும் மாதாமாதம் வாடகை கொடுத்துக்கொண்டிருந்தோம்.

அக்காவுக்கு உலகமே இடைவெளிதான். பேருந்தில் இரட்டை இருக்கையில் ஒரு இடம் காலியாக இருந்தாலும் உட்காரமாட்டார், நின்றுகொண்டே வருவார். செருப்பு வைக்கும் பலகையில் ஒரு சோடிக்கும் மறு சோடிக்கும் நடுவில் விரல் நுழைய இடம் விடுவார். கட்டிப்பிடிக்கிற வழக்கம் சுத்தமாகக் கிடையாது. தமிழ்க் கடையில் தெரிந்த பெண்கள் ஓடிவந்து தோளில் கை போட்டால் மெதுவாகக் குனிந்து பையை எடுப்பார், நிமிரும்போது தோள் விடுபட்டிருக்கும். அந்தச் சாமர்த்தியத்தை நான் பலமுறை ரசித்திருக்கிறேன்.

தூரம் பிடித்தவர் என்பதால் ஈரமில்லாதவர் என்று நினைத்துவிடக்கூடாது. ஒருமுறை எனக்குக் கடும் காய்ச்சல். தோழி தேர்வுக்குப் போயிருந்தாள். அக்கா மணியடித்து, அனுமதி கேட்டு, உள்ளே வந்து, ரசத்தை மேசையில் வைத்தார். பிறகு சமையலறை நாற்காலியை எடுத்துவந்து என் அறையின் நிலைப்படியில் போட்டு உட்கார்ந்துகொண்டார். அறைக்கு உள்ளேயும் இல்லை, வெளியேயும் இல்லை. மத்தியானம் முழுக்க அப்படியே இருந்தார். என் நெற்றியைத் தொட்டுப் பார்க்கவில்லை. அரைத்தூக்கத்தில் கண் திறக்கும்போதெல்லாம் அந்த நிலைப்படியில் அவர் இருந்தார். என் அம்மாவாக இருந்தால் கட்டிலில் ஏறி உட்கார்ந்து, தலையைக் கோதி, புலம்பி, என்னைத் தூங்கவிடாமல் செய்திருப்பாள். சொன்னால் அம்மா வருத்தப்படுவாள், ஆனாலும் அன்று எனக்கு அக்காவின் முறைதான் சுகமாக இருந்தது.

ஊருக்கு வெளியே இருந்த விலங்குக் காப்பகத்தில் அவருக்கு வேலை. ஆட்கள் வேண்டாமென்று விட்டுப்போன நாய், பூனை, முயல்களைப் பராமரிக்கும் இடம். ஒரு சனிக்கிழமை என்னையும் கூட்டிப்போனார். அன்று இரண்டு முயல்களைச் சேர்த்துவைக்கும் வேலை இருந்தது. அதற்கு ஜெர்மனில் ‘ஃபெர்கெஸெல்ஷாஃப்டுங்’ என்று பெயர். சொல்லி முடிப்பதற்குள் முயல் குட்டி போட்டுவிடும்.

“ஒரு முயலின்ர கூட்டுக்குள்ள மற்றதைக் கொண்டுபோய் விட்டால் கடிச்சுக் குதறிப்போடும்,” என்றார் அக்கா. “அது கூடாத முயல் எண்டு இல்லை. அங்க முழுக்க அதின்ர மணம். அதாலதான் ரெண்டுக்கும் சொந்தமில்லாத இடத்தில விடுறது.”

வெறும் புல்தரையில் அடைப்பு கட்டி இரண்டையும் இரண்டு மூலையில் விட்டார்கள். ஒளிந்துகொள்ள மரப்பெட்டிகள் வைத்திருந்தார்கள். ஒவ்வொரு பெட்டியிலும் இரண்டு ஓட்டை.

“எதுக்குக்கா ரெண்டு?”

“ஒரு வாசல் எண்டால் உள்ள போனது மாட்டுப்பட்டுப்போம். மாட்டுப்பட்டதுதான் கடிக்கும். ரெண்டு வாசல் இருந்தால் ஓடாது. ஓடலாம் எண்டு தெரிஞ்சால் போதும், அங்கயே இருக்கும்.”

பக்கத்துக் கூண்டில் ஹாம்ஸ்டர் ஒன்று சக்கரத்தில் ஓடிக்கொண்டிருந்தது. அது தன் இனத்தைக் கண்டாலே அடித்துக்கொள்ளும் பிராணி, சாகும்வரை தனியாக இருந்தால்தான் நிம்மதி என்றார். அதற்கு அடுத்த கூண்டில் கினிப் பன்றிகள் ஒன்றின்மேல் ஒன்றாகக் கிடந்தன. அவற்றைத் தனியாக வைத்தால் வாடிப்போய்விடுமாம்.

“மனுஷங்க எந்த ரகம்க்கா?”

“ஆளுக்கு ஆள் வேற ரகம் பிள்ளை. கலியாணத்துக்கு முதல் அதை ஒருத்தரும் பாக்கிறேல்லை. சாதகத்தை மட்டும் கொண்டு திரியினம்.”

அந்த முயல்கள் இரண்டும் அன்று முழுக்க ஒன்றையொன்று பார்க்காததுபோல் புல் தின்றன. நாங்கள் கிளம்பும் நேரம் அவற்றின் நடுவிலிருந்த தூரம் கொஞ்சம் குறைந்திருந்தது. அக்கா அதைப் பார்த்துவிட்டுப் பேருந்தில் வரும் வழியெல்லாம் தனக்குள் சிரித்துக்கொண்டே வந்தார்.

அக்காவின் கணக்கு எல்லா நேரமும் சரியாக வந்ததாகவும் சொல்லமுடியாது. பெரியவளான ஒரு பெண்ணுக்கு எடுத்த சாமத்தியவீட்டு விழாவில் மண்டபத்தில் யார் எந்த மேசை என்று பிரிக்கும் பொறுப்பை அவரிடம் கொடுத்தார்கள். ஊர்ச் சண்டை, அகதி முகாமில் போட்ட சண்டை, கோயில் சண்டை என்று எல்லாம் அவருக்குப் பாடம். பத்து வருடமாகப் பேசாத அக்காள் தங்கை இருவரை மண்டபத்தின் இந்தக் கோடியிலும் அந்தக் கோடியிலும் வைத்தார். அவர்களோ முந்தின நாள்தான் அழுது தீர்த்து ராசியாகியிருந்தார்கள். பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடலாம் என்று ஆசையோடு வந்தவர்கள், மண்டபத்தின் இரண்டு கோடியிலிருந்து மூக்கைச் சிந்திக்கொண்டு ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அக்காவுக்கு அன்று அசடு வழிந்தது. “ராசியானால் ஒரு வாட்ஸ்அப் போடக்கூடாதோ?” என்று முணுமுணுத்தார்.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று ஒரே ஒருமுறைதான் சொன்னார். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தோம், மேசையின் எதிரெதிர்ப் பக்கங்களில். கல்யாணமான புதிதில் இந்த நாட்டுக்கு அகதியாக வந்து, முகாமில் ஒரு அறை கிடைத்திருக்கிறது. நடுவில் துணி கட்டி, மறுபக்கம் இன்னொரு குடும்பம். வேலை செய்ய அனுமதி இல்லை. நகரத்தை விட்டு வெளியே போகவும் அனுமதி இல்லை. இரண்டு பேரும் ஒரு கட்டிலில் உட்கார்ந்து வருடக்கணக்காக ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

“அவர் நல்ல மனிசன் பிள்ளை. ஒரு நாளும் கை நீட்டேல்லை, ஒரு சொல்லுச் சொல்லேல்லை. ஆனால் அவர் மூச்சு விடுறதே எனக்குப் பிடிக்காமல் போட்டுது. ஒரு நாள் கத்தரிக்காய் வெட்டிக்கொண்டு நிண்டன். என்ன கறி எண்டு பின்னால வந்து எட்டிப் பாத்தார். கையில கத்தி. அந்த நேரம் நான் என்ன நினைச்சன் எண்டு உமக்குச் சொல்லமாட்டன்.”

வெங்காயத்தைக் கீழே வைத்துவிட்டுக் கையைப் பார்த்தார்.

“அவருக்குச் சொன்னன். அவர் பயப்பிடேல்லை. எனக்கும் அப்பிடித்தான் இருக்குது எண்டார். அண்டைக்குத்தான் எனக்கு அவரில ஆசை வந்தது.”

இதை அன்றிரவே தோழியிடம் சொன்னேன். அதன்பிறகு மாலையில் மணி அடிக்கும்போது நாங்கள் சிரிப்பதை நிறுத்திவிட்டோம். இன்று ஹனோவரில் எனக்கும் குடும்பம் ஆகிவிட்டது. என் கணவர் கையில் சாவியை வைத்துக்கொண்டே மணியடித்துவிட்டு வாசலில் நிற்பார். நான் பழக்கியது. பக்கத்து வீட்டுக்காரர்கள், பாவம், இந்த ஆள் தினமும் சாவியை மறக்கிறான் என்று நினைக்கிறார்கள்.

இனி மச்சாளைப் பற்றிச் சொல்லவேண்டும். அக்காவின் கணவரை நாங்கள் அண்ணை என்று கூப்பிடப் பழகியிருந்தோம். அண்ணையின் மூத்த சகோதரி இவர், ஹனோவரில் இருந்தார். அக்கா மச்சாள் என்று கூப்பிட்டதால் நாங்களும் அப்படியே கூப்பிட்டோம். தாயில்லாத தம்பியைத் தூக்கி வளர்த்தவர். அன்பு என்றால் அப்படி ஒரு அன்பு, கதவு, சன்னல், சுவர் எதுவும் அதற்குப் பொருட்டில்லை. முதல்முறை எங்கள் வீட்டுக்கு வந்தபோது மணி அடிக்கவில்லை. சாத்தியிருந்த கதவைத் தள்ளிக்கொண்டு வந்து, குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து பார்த்து, “பிள்ளையள் ஒண்டும் சாப்பிடுறேல்லைப் போல,” என்று சொல்லி, எங்களுக்கே எங்கள் வீட்டில் தோசை சுட்டுக் கொடுத்தார். தம்பியும் மனைவியும் இரண்டு வீட்டில் இருப்பது அவருக்கு நெஞ்சில் குத்திய முள். பிறத்தியாருக்குத் தெரிந்தால் மானம் போய்விடும் என்று எங்களிடமே வந்து சொல்லி அழுவார்.

என் படிப்பின் கடைசி வருடம் அண்ணைக்கு இடுப்பு மூட்டில் அறுவைச் சிகிச்சை நடந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து நேராக ரேஹா நிலையத்துக்கு, நடைப் பயிற்சிக்குக் கொண்டுபோனார்கள். வீட்டுக்கு வந்தபின் கொஞ்ச காலம் படி ஏறுவதைக் குறைக்கச் சொல்லியிருந்தார்கள். மூன்றாம் மாடி ஆகாது. மச்சாளுக்கு இதைவிட நல்ல சந்தர்ப்பம் கிடைக்குமா? அண்ணை திரும்பி வருகிற அன்று, அக்கா வேலைக்குப் போயிருந்த நேரம், கோயிலில் தெரிந்த இரண்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து இறங்கினார். அவசரத்துக்கு இருக்கட்டும் என்று அண்ணை கொடுத்துவைத்த இரண்டு வீட்டுச் சாவியும் அவரிடம் இருந்தன. மேலேயிருந்து அண்ணையின் கட்டில், ரேடியோ, சாமிப்படம், செருப்பு வரை கீழே இறங்கியது. அக்காவின் கட்டிலுக்குப் பக்கத்தில் அண்ணையின் கட்டிலைத் தலைக்குத் தலை ஒட்டிப் போட்டார்கள். அத்தோடு விட்டாரா? புதுக் குடித்தனம் என்று அக்காவின் அடுப்பில், அக்காவின் பானையில் பால் காய்ச்சினார். பொங்கி வழியவேண்டும் என்பது சாஸ்திரம், பால் பொங்கி அடுப்பு முழுக்க வழிந்தது. எங்களையும் கூப்பிட்டு ஆளுக்கு ஒரு மிடறு கொடுத்தார். அவருடைய முகத்தில் அன்று இருந்த மகிழ்ச்சியைப் பார்த்தால் யாருக்கும் கோபம் வராது.

அக்கா வந்தார். தீய்ந்த பால் மணம் படிவரை வந்திருந்தது. ஒட்டிக் கிடந்த இரண்டு கட்டிலையும் பார்த்தார். ஊன்றுகோலோடு நாற்காலியில் இருந்த அண்ணையைப் பார்த்தார். அண்ணை தலையைக் குனிந்துகொண்டார்.

“வந்திட்டியளோ? நோகுதோ?” என்று மட்டும் கேட்டார் அக்கா.

ஒரு வாரம் முயன்று பார்த்தார். நான் அதற்குச் சாட்சி, என் அறையின் தரைதான் அவர்களின் கூரை. இத்தனை வருடத்தில் அந்த வீட்டிலிருந்து கேட்காத சத்தமெல்லாம் கேட்டது. ரேடியோ சத்தம் அதிகம் என்று ஒரு குரல், சன்னலை ஏன் திறந்தாய் என்று இன்னொரு குரல், நடுவில் சமாதானம் பேசுகிற மச்சாளின் குரல். அவரும் அங்கேயே தங்கிவிட்டார். ஒரு தட்டு விழுந்து உடைந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் கேட்கவில்லை, அந்த அமைதி இன்னும் மோசமாக இருந்தது. அடுத்த நாள் தலையணையையும் போர்வையையும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அக்கா எங்கள் கதவைத் தாண்டிப் படியேறினார்.

“மேல போறன் பிள்ளை. இப்ப போகாட்டில் பிறகு வெறுத்துத்தான் போவன்.”

ஆக, கீழே இருந்தவர் மேலே போனார், மேலே இருந்தவர் கீழே இருந்தார். அக்கா தினமும் காலையும் மாலையும் இறங்கி வந்து, தன் வீட்டு மணியைத் தானே அடித்து, “வரட்டோ?” என்று கேட்டு, உள்ளே போய் அண்ணைக்குச் சமைத்து, குளிக்க உதவி, மருந்து கொடுத்துவிட்டு மேலே போவார். அண்ணையின் குரலில் மறுபடி தெம்பு வந்ததை நான் தரை வழியாகவே கேட்டேன். ஆனால் ஊர் வேறுவிதமாகப் பேசியது. நோயாளிப் புருசனை விட்டுவிட்டு மாடிக்கு ஓடினவள் என்று பெயர் வந்தது. மச்சாளுக்குப் பொறுமை போய்விட்டது. ஒருநாள் படிக்கட்டில் அக்காவை மறித்தார். எங்கள் கதவுக்கு முன்னால்தான்.

“வடிவாக் கேளும். ஒண்டில் நீர் இறங்கிவந்து அவனோட ஒரு வீட்டில இரும். இல்லாட்டி ஞாயிற்றுக்கிழமை தம்பியை ஹனோவருக்குக் கூட்டிக்கொண்டு போறன். என்ர வீட்டில கீழ்த்தளத்தில அறை இருக்கு. பிறகு அவன் இஞ்ச திரும்பான்.”

“அவரைக் கேளுங்கோ மச்சாள்.”

“அவன் என்னத்தைச் சொல்லப்போறான்? சின்னனில இருந்து வாய் திறக்காதவன். நான் சொன்னால் வருவான்.”

அது உண்மைதான் என்பது அக்காவின் முகத்தில் தெரிந்தது. தமக்கை சொல்லை அண்ணை தட்டியதே இல்லை.

சனிக்கிழமை நான் மேலே போய் மணியடித்தேன். எனக்குப் பொறுக்கமுடியவில்லை. “அக்கா, போய் ஒரு வார்த்தை ‘போகாதீங்க’ன்னு சொல்லுங்க. அவர் இருந்துடுவார். எதுக்கு இந்த வீம்பு?”

“ஓம். நான் சொன்னால் நிப்பார். ஒண்டாய் இருக்கச் சொன்னாலும் இருப்பார். அதுதான் பயமாக் கிடக்கு.” தேத்தண்ணிக் கோப்பையைக் குடிக்காமலே மேசையில் வைத்தார். “நான் வாசலை அடைச்சால், அவர் அன்பில இருக்கிறாரோ மாட்டுப்பட்டு இருக்கிறாரோ எண்டு எனக்குத் தெரியவராது. அவருக்கும் ரெண்டு வாசல் இருக்கவேணும் பிள்ளை.”

“போயிட்டார்னா?”

அக்கா சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் ஒரு அடி முன்னால் வைத்தேன், பிறகு நாற்காலியைக் கொண்டுபோய் நிலைப்படியில் போட்டு உட்கார்ந்துகொண்டேன். அவர் அழுது முடிக்கும்வரை அங்கேயே இருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை வாடகைக் கார் வந்து நின்றது. மச்சாள் அண்ணையின் பெட்டியைக் கீழே அனுப்பிவிட்டு, கோட்டும் சால்வையுமாகத் தயாராக நின்றார். நான் எங்கள் மாடியிலிருந்து கைப்பிடி மரத்தின் மேலாக எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன். அண்ணை வெளியே வந்தார். குளித்து, தேய்த்த சட்டை போட்டிருந்தார். மச்சாள் அவருக்கு முன்னால் நாலு படி இறங்கி, கையை நீட்டித் திரும்பினார். அண்ணை அந்தக் கையைப் பார்த்தார். பிறகு மறுபக்கம் திரும்பி, கைப்பிடி மரத்தைப் பிடித்துக்கொண்டு, ஒரு காலை மேற்படியில் வைத்தார்.

“தம்பி! கார் நிக்குது. எங்க மேல போறாய்?”

“வீட்டுக்கு.”

“எந்த வீட்டுக்கு?”

“மனிசி இருக்கிற வீட்டுக்கு. கேட்டுப் பாக்கிறன். விட்டால் உள்ள போவன்.”

அண்ணை இவ்வளவு உரத்துப் பேசி நான் கேட்டதில்லை. மச்சாள் நின்ற படியிலேயே நின்றுவிட்டார். நான் ஓடிப்போய் ஒரு ஊன்றுகோலை வாங்கிக்கொண்டேன். நல்ல கால் முதலில், பிறகு மற்றக் கால், பிறகு கோல் என்று ரேஹாவில் பழக்கியதுபோல் ஏறினார். எங்கள் வாசலில் நாற்காலி போட்டுக் கொடுத்தேன். மூச்சு வாங்க உட்கார்ந்தார், வியர்வையைத் துடைத்தார், தண்ணீர் குடித்தார், எழுந்தார். மறுபடி ஏறத் தொடங்கினார். பழைய மரப்படி, ஒவ்வொரு முறையும் கோல் ஊன்றும் சத்தம் வீடு முழுக்கக் கேட்டிருக்கும். மூன்றாம் மாடியில் தன் சொந்த வீட்டுக் கதவுக்கு முன்னால் நின்று சட்டைக் காலரைச் சரிசெய்தார். என் பக்கம் குனிந்து, “பிள்ளை, தலை சரியோ?” என்று மெதுவாகக் கேட்டார். சரி என்று தலையாட்டினேன். மணியை அடித்தார்.

“ஆர்?”

இவ்வளவு நேரம் அந்தக் கோல் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு கதவுக்குப் பின்னால்தான் நின்றிருப்பார் என்று எனக்குத் தெரியும். அப்படியும் கேட்டார்.

“நான்தான். வரட்டோ?”

“கொஞ்சம் பொறுங்கோ.”

தண்ணீர்க் குழாய் திறக்கும் சத்தம் கேட்டது. முகம் கழுவுகிறார். ஒற்றைக் காலில் ஒரு மனிதர் நின்றுகொண்டிருக்கிறார், இவர் பொட்டு வைத்துக்கொண்டிருக்கிறார். கதவை உதைக்கலாமா என்று எனக்கு வந்தது. அண்ணைக்கோ அவசரமே இல்லை. கல்யாண மாப்பிள்ளைபோல் நின்றார்.

கதவு திறந்தது. அக்காவின் கண் சிவந்திருந்தது, நெற்றியில் ஈரம் காயாத சாந்துப்பொட்டு இருந்தது. “வாங்கோ,” என்றார். வழக்கம்போல் ஒதுங்கி வழி விட்டார். பிறகு, வழக்கத்தில் இல்லாதபடி, முழங்கையை நீட்டினார். அண்ணை அதைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனார். என் கையிலிருந்த ஊன்றுகோலை வாங்கிக்கொண்டு அக்கா கதவைச் சாத்தினார்.

மச்சாள் மேலே வந்து சேர்ந்தபோது அவருக்கும் மூச்சு வாங்கியது. முகத்தில் கோபம் இல்லை, தொலைந்துபோன பிள்ளையின் திகைப்புத்தான் இருந்தது. கைப்பையைத் திறந்து அந்த வீட்டுச் சாவியை எடுத்தார். சாவியைத் துவாரம்வரை கொண்டுபோனார். உள்ளே அண்ணை ஏதோ சொல்வதும் அக்கா சிரிப்பதும் கேட்டது. மச்சாள் சற்றுநேரம் அதைக் கேட்டுக்கொண்டு நின்றார். பிறகு சாவியைக் கைப்பைக்குள் போட்டு மூடினார். விரலை நீட்டி, இதற்கு முன் தொட்டிராத அந்த மணியை அடித்தார்.

“ஆர்?”

“நான்... மச்சாள்.” என்னைப் பார்த்தார். மறுபடி கதவைப் பார்த்தார். “வரட்டோ?”

“கொஞ்சம் பொறுங்கோ, மச்சாள்.”

கீழே கார்க்காரர் ஹார்ன் அடித்தார். மச்சாள் அசையவில்லை. சால்வையைச் சரிசெய்து, தலைமயிரை ஒதுக்கிவிட்டு, கதவு திறக்கும்வரை பொறுத்து நின்றார்.